மடிப்பில் கையெழுத்து

எம்பனாடாவின் வாயை மூடும் மடிப்புக்கு ஸ்பானிய மொழியில் ‘ரெபுல்கே’ என்று பெயர். வட்டமாகத் தேய்த்த மாவின் நடுவில் பூரணத்தை வைத்துப் பிறைபோல மடிக்க வேண்டும். பிறகு ஒரு முனையில் தொடங்கி, கட்டைவிரலாலும் ஆள்காட்டி விரலாலும் விளிம்பைச் சற்று இழுத்து, மேலே மடக்கி அழுத்தி, அதன்மேல் அடுத்த மடிப்பு, அதற்கும் அடுத்தது என்று கயிறு முறுக்குவதுபோல மறுமுனை வரை போக வேண்டும். அர்ஜென்டினாவில் இந்த மடிப்பு அழகுக்கு மட்டும் போடுவதில்லை. வெந்தபின் எல்லாம் ஒரே நிறம், ஒரே பிறை. உள்ளே இருப்பது இறைச்சியா, மக்காச்சோளமா, கீரையா என்று சொல்வது விளிம்புதான். கயிறு மடிப்பு என்றால் ஒன்று, முள்கரண்டியால் அழுத்திய கோடுகள் என்றால் இன்னொன்று, இரு முனைகளையும் வளைத்துச் சேர்த்திருந்தால் வேறொன்று. இன்று கடைகளில் எந்த மடிப்பு எதற்கு என்று படம் போட்ட தாளைப் பெட்டியோடு சேர்த்துக் கொடுக்கிறார்கள். வீடுகளில் அது வீட்டுக்கு வீடு மாறும் குறி. செய்தவளுக்கும் அவளிடம் சாப்பிடுகிறவர்களுக்கும் மட்டும் புரியும் எழுத்து.

பெண்ணெழுத்து பற்றிய வகுப்பில் சமையல் குறிப்புகளையும் படிக்கலாம் என்று நான் சொன்னபோது, “அது சமையல் புத்தகம்தானே, மேடம்?” என்று ஒரு மாணவி கேட்டாள். நியாயமான கேள்வி. சமையலறையிலிருந்து தப்பிக்கப் படிக்க வந்தவளிடம் சமையல் குறிப்பை நீட்டினால் கோபம் வரத்தான் செய்யும். அந்தக் கோபத்தோடு படிக்க ஏற்றவர் என்று நான் அவளுக்கு எடுத்துக் கொடுத்தது ஹுவானா மனுவேலா கோரீத்தி என்ற அர்ஜென்டினிய எழுத்தாளரை. அவரிடம் போவதற்கு முன் எம்பனாடாவைக் கொஞ்சம் பிரித்துப் பார்க்க வேண்டும்.

எம்பனாடா என்ற சொல்லுக்குள் ‘பான்’ இருக்கிறது. ரொட்டி என்று பொருள். ரொட்டிக்குள் பொதிந்தது எம்பனாடா. இலங்கைத் தமிழர் ரொட்டியைப் பாண் என்பது போர்த்துக்கீசியர் வழியாக வந்த இதன் உறவுச் சொல். பார்சிலோனாவில் 1520இல் அச்சான ஒரு கட்டலான் சமையல் நூலில் மாவுக்குள் பொதிந்து சுடும் பண்டங்கள் வருகின்றன. எழுதியவர் நேப்பிள்ஸ் அரசரின் சமையற்காரர் என்று நூல் சொல்கிறது. அரசரின் சமையற்காரருக்குப் பெயர் இருக்கிறது. (நம் பக்கமும் சமையலுக்கு நளபாகம், பீமபாகம் என்று ஆண் பெயர்கள்தான்.) அதற்கும் முன்னால் முஸ்லிம் ஆட்சிக்கால ஸ்பெயினின் 13ஆம் நூற்றாண்டுச் சமையல் ஏட்டில் ‘சன்பூசக்’ இருக்கிறது. கிழக்கே வந்து நம் சமோசா ஆனதும் அதே பெயர்தான். 14ஆம் நூற்றாண்டில் தில்லி சுல்தானின் விருந்தில் அதைப் பார்த்ததாக இபின் பதூதா எழுதியிருக்கிறார். எம்பனாடாவை இந்தக் குடும்பத்தில் சேர்க்கும் உணவு வரலாற்றாளர்கள் உண்டு. மேற்கே போனது கடலைக் கடந்து அமெரிக்கக் கண்டத்தின் உருளைக்கிழங்கையும் மிளகாயையும் சந்தித்தது. கிழக்கே வந்ததற்கு அதே உருளைக்கிழங்கும் மிளகாயும் பிறகு ஐரோப்பியக் கப்பல்களில் வந்து சேர்ந்தன.

ரொட்டிக்குக் கோதுமை வேண்டும். ஸ்பானியர்கள் தென் அமெரிக்காவில் இறங்கியபோது அங்கே கோதுமை கிடையாது. திருப்பலியில் பயன்படுத்தும் அப்பம் கோதுமையால் ஆனதாகவே இருக்க வேண்டும் என்பது கத்தோலிக்கத் திருச்சபையின் விதி. ஆகவே ஆண்டவருக்காகவும் ஆள்பவரின் நாக்குக்காகவும் கோதுமை வந்தாக வேண்டியிருந்தது. பெருவில் அதை முதலில் விதைத்தவர் யார் என்பதற்கு இரண்டு கதைகள் இருக்கின்றன, இரண்டிலும் பெண்கள். பிசாரோவின் சகோதரர் மனைவி இனெஸ் முன்யோஸ், ஸ்பெயினிலிருந்து வந்த அரிசியைப் பொறுக்கிச் சுத்தம் செய்தபோது சில கோதுமை மணிகளைக் கண்டு, அவற்றைத் தொட்டியில் ஊன்றினார் என்று 17ஆம் நூற்றாண்டுப் பாதிரியார் பெர்னபே கோபோ எழுதுகிறார். கார்சிலாசோ டே லா வேகா அந்தப் பெருமையை மரியா டே எஸ்கோபாருக்குத் தருகிறார். அரிசி பொறுக்கும் கண்ணுக்குத்தான் வேறு மணி தென்படும் என்பதால் எனக்கு முதல் கதை பிடிக்கும். ஆனால் இந்த இருவருமே வெற்றி பெற்ற படையின் வீட்டுப் பெண்கள். அந்த மணிகள் வயலானபோது உழுதவர்களும் அறுத்தவர்களும் அந்த மண்ணின் மக்கள். அவர்களில் ஒருவர் பெயரும் எந்தக் கதையிலும் இல்லை.

மேல்மாவைத் தாண்டி உள்ளே போனால் மொழி மாறிவிடுகிறது. மக்காச்சோளப் பூரணத்துக்கு ‘ஊமிட்டா’ என்று பெயர். கெச்சுவா மொழியின் ‘ஊமிந்தா’விலிருந்து வந்தது. இளம் மக்காச்சோளக் கதிர் ‘சோக்லோ’, பூசணி ‘சபாய்யோ’, உருளைக்கிழங்கு ‘பாப்பா’ எல்லாம் கெச்சுவாச் சொற்கள். மேலே உறை ஸ்பானியம், உள்ளே ஆண்டிஸ் மலை. 1609இல் அச்சான தன் நூலில் கார்சிலாசோ, இன்காக்களின் மக்காச்சோள ரொட்டிகளைப் பெயர் சொல்லி விவரிக்கிறார். விசேஷ நாளுக்கு உரியது ஊமிந்தா. கல்லின்மேல் கல்லை வைத்துப் பெண்கள் மாவு அரைத்ததையும் எழுதுகிறார். அவருக்கு அது பார்த்துத் தெரிந்த காட்சி. அவருடைய தாய் சிம்பு ஒக்லோ இன்கா அரச குலத்தவர், தந்தை ஸ்பானியப் படைத்தலைவர். தந்தை தாயை மணக்கவில்லை. பிறகு ஒரு ஸ்பானியப் பெண்ணை மணந்துகொண்டார், தாய் வேறொரு சாதாரண ஸ்பானியருக்கு மணமுடிக்கப்பட்டார். உணவில் ‘கலப்பு’, ‘ஃப்யூஷன்’ என்று இன்று உணவகப் பட்டியலில் இனிக்க இனிக்க எழுதுகிறோம். ஊமிட்டா எம்பனாடாவின் கோதுமையும் மக்காச்சோளமும் கலந்த வீடுகள் பல இப்படிப்பட்டவை. அங்கே அடுப்படியில் நின்றவளிடம் கலக்கலாமா என்று எவரும் கேட்டிருக்க மாட்டார்கள்.

அதன் தெருக் கதை இன்னும் கடுமையானது. 1778இல் எடுத்த கணக்கின்படி புவெனஸ் ஐரிஸ் நகரில் ஏறத்தாழ பத்துக்கு மூவர் ஆப்பிரிக்க வழியினர், பெரும்பாலும் அடிமைகள். அடிமைப் பெண்களை எம்பனாடாவும் இனிப்புப் பண்டங்களும் விற்கத் தெருவுக்கு அனுப்பினார்கள் எசமானிகள். அன்றாடம் இவ்வளவு என்று காசு கொண்டுவந்து கொடுத்துவிட வேண்டும். அதற்குமேல் மிஞ்சியதைச் சேர்த்துத் தன்னையும் தன் பிள்ளையையும் விலைகொடுத்து மீட்டவர்கள் உண்டு. ஓர் எம்பனாடாவின் இலாபத்தில் விடுதலையின் ஒரு துளி இருந்தது. 1813இல் அடிமைகளுக்குப் பிறக்கும் குழந்தைகள் அடிமைகள் அல்லர் என்று சட்டம் வந்தது. 1853 அரசியல் சட்டம் அடிமைமுறையை ஒழித்தது. பிறகு அந்த மக்களையே நாட்டின் கதையிலிருந்து துடைத்துவிட்டார்கள். மிச்சம் இருந்தது பள்ளி நாடகம். 1810ஆம் ஆண்டுப் புரட்சியைக் கொண்டாடும் மே 25 விழாவில் யாராவது ஒரு சிறுமி தலையில் துணி கட்டி, எரித்த தக்கையால் முகத்தில் கரி பூசிக்கொண்டு, “சூடான எம்பனாடா” என்று கூடையோடு மேடைக்கு வருவாள். எத்தனையோ தலைமுறைகள் இதைச் செய்து கைதட்டு வாங்கியிருக்கின்றன. ஆப்பிரிக்க வழிப் பெண்கள் எதிர்த்துப் பேசிய பிறகுதான் அந்தக் கரியைப் பற்றிப் பள்ளிகள் யோசிக்கத் தொடங்கின. அந்தக் கூடைக்காரிக்கு நாடகத்தில் வசனம் ஒன்றுதான். பெயர் கிடையாது.

காய்கறி எம்பனாடா என்றதும் நம் காதில் வேறு ஏதோ விழுகிறது. இங்கே காய்கறிச் சாப்பாட்டோடு சாதி ஒட்டிக்கொண்டிருக்கிறது. அங்கே அப்படி இல்லை. அங்கே அது நோன்பும் வறுமையும். தவக்காலத்தில் இறைச்சி விலக்கு என்பதால் மீன், மக்காச்சோளம், கீரை, பூசணி உள்ளே போயின. இறைச்சி வாங்க முடியாத நாள்களிலும் அவையே போயின. இறைச்சிதான் ‘உண்மையான’ எம்பனாடா, மற்றது பஞ்சத்துக்கு என்ற எண்ணம் மாட்டிறைச்சி நாட்டில் வலுவாக இருக்கிறது. சால்ட்டாவில் உருளைக்கிழங்கு சேர்ப்பதா, துக்குமானில் இறைச்சியைக் கத்தியால்தான் நறுக்க வேண்டுமா, உலர்திராட்சை கூடுமா கூடாதா என்று மாநிலத்துக்கு மாநிலம் சண்டை. ஊமிட்டாவுக்காக யாரும் இப்படிச் சண்டை போடுவதில்லை. அதனால் ஒரு நன்மை இருந்தது. கண்காணிப்பு இல்லாத இடத்தில் வந்தவர்கள் எல்லாம் தங்கள் கையைப் போட முடிந்தது. ஊமிட்டாவில் ஐரோப்பிய வெள்ளைச் சாஸ் சேர்ந்தது. 19ஆம் நூற்றாண்டின் பிற்பாதியிலிருந்து இலட்சக்கணக்கில் வந்த இத்தாலியரோடு, ஜெனோவா பகுதியில் ஈஸ்டருக்குச் செய்யும் கீரை அடை வந்தது. அந்தக் கீரையும் முட்டையும் எம்பனாடாவுக்குள் குடிபுகுந்தன. சிரியா, லெபனான் பக்கமிருந்து வந்தவர்கள் முக்கோணமாக மடித்த, எலுமிச்சை பிழிந்த ‘ஃபதாயெரை’க் கொண்டுவந்தார்கள். அவர்களில் பலர் கிறித்தவர்கள், அவர்களுக்கும் தவக்காலம் உண்டு, கீரை வைத்த ஃபதாயெர் அவர்களுடைய நோன்புப் பண்டம். கையில் ஒட்டோமான் கடவுச்சீட்டு இருந்ததால் அவர்களைத் துருக்கியர் என்றழைத்த அக்கம்பக்கத்தார், அந்தப் பண்டத்துக்கு மட்டும் ‘அராபிய எம்பனாடா’ என்று சரியாகப் பெயர் வைத்தார்கள்.

இனி கோரீத்தி. சால்ட்டா பகுதியில் அரசியல் குடும்பத்தில் பிறந்தவர். தந்தை ஹோசே இக்னாசியோ டே கோரீத்தி 1816இல் அர்ஜென்டினாவின் விடுதலைப் பிரகடனத்தில் கையெழுத்திட்டவர்களில் ஒருவர். உள்நாட்டுப் போரில் தோற்ற தரப்பு என்பதால் 1831இல் குடும்பம் பொலிவியாவுக்குத் தப்பி ஓடியது. அங்கே மிகச் சிறு வயதில் மனுவேல் இசிதோரோ பெல்சு என்ற இராணுவ அதிகாரிக்கு மனைவியானார். அந்த மனிதர் 1848இல் நாட்டின் அதிபரானபோது இவர் அவரைவிட்டுப் பிரிந்து பெருவின் லீமாவில் இருந்தார். பள்ளி நடத்திப் பிழைத்தார், நாவல்களும் கதைகளும் எழுதினார். 1876, 1877இல் அவர் வீட்டில் நடந்த இலக்கிய மாலைகளில் பெண்கள் தங்கள் கட்டுரைகளை வாசித்தார்கள், பெண் கல்வி பற்றி விவாதித்தார்கள். புவெனஸ் ஐரிஸுக்குத் திரும்பி, இறப்பதற்கு இரண்டு ஆண்டுகள் முன்பு, 1890இல், ‘கோசினா எக்லெக்டிகா’ என்ற சமையல் நூலை வெளியிட்டார். பலவிதச் சமையல் என்று சொல்லலாம்.

அதன் முன்னுரையில் சமையலறையைக் கோயிலாகவும் பெண்ணை அங்கே பூசை செய்பவளாகவும் காட்டுகிறார். என் மாணவி அந்த இடத்தில் புத்தகத்தை மூடிவிட்டாள். அடுத்த வரிகளில்தான் குறும்பு இருக்கிறது. தான் அடுப்பைப் புறக்கணித்துவிட்டுப் புத்தகங்களில் வாழ்ந்ததாகவும், அந்தப் பேரறிஞர்கள் பேரறிஞர்களானது பக்கத்தில் சமைத்துப் போட்ட பெண்கள் இருந்ததால்தான் என்பதைக் கவனிக்கத் தவறியதாகவும் எழுதுகிறார். வருந்துகிறாரா, ஊசி ஏற்றுகிறாரா? நான் இரண்டாவதையே கேட்கிறேன். ஆண்களின் மேதைமைக்குக் கணக்குப் போட்டு, அதில் சமைத்தவளின் பங்கு விடுபட்டிருக்கிறது என்று சொல்பவரை வெறும் அடக்கமானவர் என்று சொல்ல முடியவில்லை. தனக்குச் சமைக்கத் தெரியாததால் தோழிகளிடம் கேட்டார். லீமாவிலிருந்தும் புவெனஸ் ஐரிஸிலிருந்தும் சால்ட்டாவிலிருந்தும் இன்னும் பல ஊர்களிலிருந்தும் குறிப்புகள் வந்தன. அவற்றைத் தன் பெயரில் கரைத்துவிடாமல், ஒவ்வொரு குறிப்பின் அடியிலும் அனுப்பியவளின் பெயரையும் ஊரையும் அச்சிட்டார். வெவ்வேறு நாடுகளின் பெண்கள் ஒரே அட்டைக்குள் பக்கத்துப் பக்கத்துப் பக்கங்களில் கையெழுத்திட்டிருக்கிறார்கள்.

அந்தப் பெயர்கள் பெரும்பாலும் எழுதத் தெரிந்த, அஞ்சல் அனுப்ப வசதியுள்ள வீட்டுப் பெண்களுடையவை. அந்த வீடுகளில் அடுப்பின் முன் நின்றவர்கள் பூர்வகுடிப் பெண்களும் ஆப்பிரிக்க வழிப் பெண்களும். சொன்னவள் ஒருத்தி, செய்தவள் ஒருத்தி, ஒப்பமிட்டவள் ஒருத்தி. கோரீத்தி ஒரு கதவைத் திறந்தார், சமையலறைக்குள் இருந்த அடுத்த கதவு மூடியே இருந்தது.

காலம் கோரீத்தியையும் விட்டுவைக்கவில்லை. பொலிவியாவில் காலை வேளையில் சாப்பிடும், சாறு நிறைந்த எம்பனாடாவுக்கு ‘சால்ட்டேன்யா’ என்று பெயர். சால்ட்டாக்காரி என்று பொருள். அகதியாக வந்த கோரீத்தி குடும்பம் பிழைப்புக்காக எம்பனாடா செய்து விற்றது, ‘அந்தச் சால்ட்டாக்காரியிடம் வாங்கி வா’ என்று ஊரார் பிள்ளைகளை அனுப்பினார்கள், அவரது பெயர் மறந்து ஊர்ப்பெயர் பண்டத்தில் ஒட்டிக்கொண்டது என்று அங்கே ஒரு கதை சொல்வார்கள். கதை நடந்ததோ இல்லையோ, அது விரும்பிச் சொல்லப்படுவதைக் கவனிக்க வேண்டும். அடுப்புப் பக்கம் போகவில்லை என்று தானே எழுதிவைத்த நாவலாசிரியரை ஓர் ஊர் எம்பனாடாக்காரியாக நினைவில் வைத்திருக்கிறது.

20ஆம் நூற்றாண்டில் அர்ஜென்டினாவுக்குச் சமையல் சொல்லிக்கொடுத்தவர் தோன்யா பெட்ரோனா. எரிவாயு அடுப்பு விற்க நிறுவனம் ஒன்று நடத்திய செய்முறை வகுப்புகளில் 1920களின் இறுதியில் தொடங்கி, 1930களில் தன் பெரிய நூலை வெளியிட்டு, பிறகு தொலைக்காட்சியில் புகழ்பெற்றவர். திரையில் அவர் பக்கத்தில் ஹுவானிட்டா போர்தோய் நிற்பார். நறுக்குவார், கிண்டுவார், எடுத்துக் கொடுப்பார், அதிகம் பேசமாட்டார். பெட்ரோனா அவரை ஏவும் தொனி நாடு முழுக்கக் கேலிப்பேச்சானது. ஆனாலும் ஹுவானிட்டாவின் கை திரையில் தெரிந்தது என்பதே ஒரு மாற்றம் என எனக்குப் படுகிறது. முந்தைய நூற்றாண்டில் அந்தக் கை சட்டத்துக்கு வெளியே இருந்தது.

நான் செய்த ஊமிட்டா எம்பனாடாவைச் சொல்லிவிடுகிறேன். அரைக் கிலோ மைதாவுக்கு நூறு கிராம் கொழுப்பு, ஒரு தேக்கரண்டி உப்பு, தேவைக்கு வெதுவெதுப்பான நீர். அங்கே மாவில் மாட்டுக்கொழுப்பு சேர்ப்பது வழக்கம், உள்ளே காய்கறி மட்டும் வைத்தாலும்கூட. நான் வெண்ணெய் சேர்த்தேன். மாவு அரைமணி நேரம் ஊறட்டும். நான்கு மக்காச்சோளக் கதிர்களைத் துருவிக்கொள்ள வேண்டும். கடையில் கிடைக்கும் ஸ்வீட் கார்ன் நீர்த்துப்போகும், இரண்டு நாட்டுக்கதிர் கலந்தால் நன்றாக இருக்கும். வெங்காயத்தையும் சிவப்புக் குடைமிளகாயையும் எண்ணெயில் நிறம் மாறாமல் வதக்கி, துருவலைச் சேர்த்து, பால் விட்டுக் கெட்டியாகும் வரை கிளறி, இறக்கி, சீஸும் திருநீற்றுப்பச்சிலையும் சேர்க்க வேண்டும். பூரணம் முழுவதுமாக ஆற வேண்டும். நான் பொறுமையிழந்து சூட்டோடு வைத்தேன், வெண்ணெய் உருகி முதல் ஐந்தும் கிழிந்துபோயின. பன்னிரண்டு சென்டிமீட்டர் வட்டம், ஒரு குவியல் கரண்டிப் பூரணம், 200 டிகிரி ஓவனில் இருபது நிமிடம்.

மடிப்பு எனக்கு வரவில்லை. எங்கள் வீட்டில் வேலைக்கு வரும் அக்கா அருகில் நின்று பார்த்துவிட்டு, “தள்ளுங்கம்மா” என்று கையிலிருந்து வாங்கினார். சின்ன வயதில் தீபாவளிக்குப் பலகாரம் போட்டு விற்கும் வீட்டில் சோமாசி மடித்திருக்கிறார். அந்த வீட்டில் சோமாசிக் கரண்டி கிடையாதாம், விரலாலேயே கயிறு மடிப்பு. இருபதையும் ஒரே அளவில், பத்து நிமிடத்தில் முடித்தார். இவ்வளவு நாள் என் வீட்டில் இருந்த கை இது. ஸ்பானியப் பெயரோடு வரும்வரை எனக்குத் தெரியவில்லை.

என் குறிப்பேட்டில், கோரீத்தி செய்ததுபோல, குறிப்பின் அடியில் என் பெயரையும் ஊரையும் எழுதினேன். பிறகு, “மடிப்பு உங்களுடையது, உங்க பேரையும் போடட்டுமாக்கா? இதைப் பத்தி ஒரு கட்டுரையும் எழுதப்போறேன்” என்று கேட்டேன். அக்கா தட்டைக் கழுவிக்கொண்டே சொன்னார்: “பேரெல்லாம் எதுக்கும்மா, போடாதீங்க. வர்ற மாசத்திலிருந்து ஐநூறு சேத்துக் குடுங்க, அது போதும்.”

கொடுக்கிறேன். கட்டுரையில் பெயர் போடவில்லை.